பெயர் வெளியிட விரும்பாத வாசகி

என் மகள் அந்தக் கடிதத்தை முதலில் கையெழுத்துப் போடாமல்தான் எழுதினாள். பெயர் போட வைத்தது நான். இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். இல்லையென்றால் இனி எழுதப்போவதெல்லாம் அந்த மனிதர் மீது வசைபாடுவதாக மட்டும் ஆகிவிடும்.

தொண்ணூற்றொன்றாம் வருஷம். அப்போது நான் ஸ்ரீபெரும்புதூரில் ஒரு தொடக்கப் பள்ளியில் நான்காம் வகுப்பு டீச்சர். என் கணவர் தாம்பரத்திலிருந்து படப்பை வழியாகப் போகும் பஸ்ஸில் கண்டக்டர். எங்களுக்கு ஒரே மகள். ப்ளஸ் டூ முடித்து, டைப்ரைட்டிங் லோயர் பாஸ் பண்ணிவிட்டு, ஒரகடம் போகும் சாலையில் புதிதாக வந்திருந்த ஷூ கம்பெனியில் சேர்ந்திருந்தாள். அங்கே முதல் இரண்டு வருஷம் பயிற்சி. அதை ஒழுங்காக முடித்தால் பர்மனென்ட். அவள் சேர்ந்து ஒன்றேகால் வருஷம் ஆகியிருந்தது. எங்கள் வீட்டில் எந்தப் பேச்சை எடுத்தாலும் மிச்சமிருந்த அந்த முக்கால் வருஷத்தில் போய்த்தான் நிற்கும். அவள் கல்யாணம், கூரைக்கு ஓடு மாற்றுவது, எல்லாவற்றுக்கும் என் கணவர் ஒரே பதில் வைத்திருந்தார். "முதல்ல பர்மனென்ட் ஆவட்டும். அப்பால பாத்துக்கலாம்."

பஜார் தெருவில் ஒரு வாரப் பத்திரிகை இருந்தது. நான்கு பக்கம். முதல் பக்கத்தில் வெட்டுக்குத்து, இரண்டாம் பக்கத்தில் கள்ளக்காதல், நான்காம் பக்கத்தில் மிச்சமிருக்கும் கள்ளக்காதலும் சித்த வைத்திய விளம்பரமும். மூன்றாம் பக்கம் மட்டும் வேறு மாதிரி. ஊர்க்காரர்கள் எழுதும் குறைகளுக்கு அந்த ஒரு பக்கத்தை அதன் எடிட்டர் ஒதுக்கி வைத்திருந்தார். தெருவிளக்கு, சாக்கடை, ரேஷன் கடையில் எடை குறைவு. எங்கள் பள்ளியில் கூரை ஒழுகுகிறது என்று ஒரு தடவை நான் எழுதிப் போட்டேன். ஒரு மாதத்தில் ஆட்கள் வந்து கூரையைச் சரிசெய்துவிட்டுப் போனார்கள். நன்றி சொல்லப் போனபோது, அந்த இதழில் இருந்த பிழைகளைச் சிவப்பு மையில் சுழித்துக் கையோடு எடுத்துப் போயிருந்தேன். எடிட்டர் அதை வாங்கிப் பார்த்துவிட்டுச் சிரித்தார்.

"தேங்க்ஸ் சொல்ல வந்தீங்களா, மார்க் போட வந்தீங்களா டீச்சர்?"

"ரெண்டுக்கும்தான் சார்."

"அப்போ சனிக்கிழமை சனிக்கிழமை வந்து போடுங்க."

அப்படித்தான் ஆரம்பித்தது. நாலு வருஷம் சனிக்கிழமைகளில் மத்தியானம் பள்ளி விட்டதும் அங்கே போய் புரூஃப் திருத்தினேன். மூன்றாம் பக்கத்துக்காகப் போகிறேன் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். ஆனால் நான்கு பக்கத்தையும் நான்தான் திருத்தினேன். யாருடைய மனைவி யாரோடு போனாள் என்பதைப் பிழையில்லாமல் அச்சில் ஏற்ற நானும் உதவியிருக்கிறேன். என் கணவர் பஸ்ஸில் யாராவது அந்தப் பேப்பரைப் பிரித்தால், "நல்லா பட்ச்சுப் பாரு, ஒரு எழுத்து தப்பு இருக்காது. எங்க வூட்டம்மா பாத்தது" என்று சொல்லிச் சிரிப்பாராம்.

எடிட்டர் அந்தக் குறைகள் பக்கத்துக்கு ஒரு விதி வைத்திருந்தார். மொட்டைக் கடிதம் போட மாட்டார். எழுதுகிறவர் தன் கையாலேயே முழுப் பெயரும் விலாசமும் எழுதிக் கையெழுத்திட வேண்டும். அச்சில் அது வராது. 'பெயர் வெளியிட விரும்பாத வாசகர்' என்றுதான் வரும். அசல் கடிதம் மட்டும் அவரிடம் இருக்கும். மாதம் முடிந்ததும் எல்லாக் கடிதங்களையும் அடுக்கி, கோணி ஊசியால் ஓரத்தில் துளைத்து, சணல் கோத்துக் கட்டிவிடுவார். வக்கீல் நோட்டீஸ் வந்தால் அந்தக் கட்டுதான் அவருக்குப் பாதுகாப்பு. "ஒரிஜினல் என்கிட்ட இருக்கற வரைக்கும் எவனும் என்னைத் தொட முடியாது. என்னைத் தொடாத வரைக்கும் எழுதினவங்களையும் தொட முடியாது" என்பார். ஒரு தடவை ஒரு இன்ஸ்பெக்டரே வந்து கேட்டும் அவர் கொடுக்கவில்லை. நான் அங்கே உட்கார்ந்திருக்கும்போதே நடந்தது அது. அன்றிலிருந்து அவர் மேல் எனக்கு ஒரு மரியாதை. அவர் எழுதிய கள்ளக்காதல் செய்திகளையெல்லாம் அந்த ஒரு சம்பவத்துக்காக மன்னித்துவிட்டேன் என்றுகூடச் சொல்லலாம்.

என் மகளுக்கு ஒட்டுப் பிரிவில் வேலை. ஷூவின் மேல்தோலுக்குப் பசை தடவி ஒட்டும் இடம். அந்தப் பசையை அவர்கள் சொல்யூஷன் என்பார்கள். தலையைக் கிறுகிறுக்க வைக்கும் வாடை. ஜன்னலைத் திறந்தால் லாரிகள் கிளப்பும் செம்மண் தூசி ஈரப் பசையில் வந்து ஒட்டிக்கொள்கிறது, சரக்கு திரும்பி வந்துவிடுகிறது என்று ஜன்னல்களையெல்லாம் ஆணி அடித்து மூடிவிட்டார்கள். அதன் பிறகு தினமும் ஒரு பெண்ணாவது மயங்கி விழுந்தாள். நர்ஸ் குளுக்கோஸ் தண்ணீர் கொடுத்துவிட்டு, 'காலையில் சாப்பிடாமல் வந்ததால் மயக்கம்' என்று நோட்டில் எழுதுவாள். எல்லாருக்கும் அதே வரி.

ஒரு நாள் என் மகளுக்குப் பக்கத்தில் உட்காரும் பெண் மேஜை மேல் முகம் மோத விழுந்து உதடு கிழிந்துவிட்டது. அதற்கும் அதே வரிதான் எழுதினார்கள்.

"அவ காலைல சாப்ட்டாம்மா" என்றாள் என் மகள். "வேன்ல என் டப்பாலேர்ந்து ரெண்டு இட்லி எடுத்துத் தின்னா. நான் பாத்தேன். எப்படிம்மா அப்படி எழுதுவாங்க?"

அன்று சாயந்தரமே ஒரு பக்கம் எழுதிக்கொண்டு வந்து என்னிடம் நீட்டினாள். நன்றாக எழுதியிருந்தாள். நர்ஸ் நோட்டில் எழுதும் வரியையும் அந்த இரண்டு இட்லியையும் அடுத்தடுத்து வைத்திருந்தாள். கீழே பெயர் இல்லை.

"பேர் எங்க?"

"வேணாம்மா. பர்மனென்ட் ஆவறதுக்குள்ள தெரிஞ்சுதுன்னா வெளிய அனுப்பிடுவாங்க."

"பேர் போடலன்னா மொட்டைக் கடுதாசிடி. அவர் போட மாட்டார். அதுவுமில்லாம, நடந்ததைத்தானே எழுதியிருக்க? உண்மையை எழுதிட்டு ஒளிஞ்சுக்கறவங்களை எனக்குப் பிடிக்காது."

"உனக்குப் பிடிக்கலன்னா நீ எழுது. வேலைக்குப் போறது நான்தானே?"

"அவரைத் தாண்டிப் போகாது. நான் பொறுப்பு."

நான் பொறுப்பு என்று சொன்னேன். அதே வார்த்தைகள். வகுப்பில் பிள்ளைகளிடம் சொல்வது மாதிரி. நல்ல தாளில் திரும்ப எழுத வைத்தேன். பெயர், பிரிவு, டோக்கன் நம்பர், விலாசம், கையெழுத்து. நானே கொண்டுபோய் எடிட்டர் கையில் கொடுத்தேன். அவர் படித்துவிட்டு, "உங்க பொண்ணு உங்களைவிட நல்லா எழுதுது டீச்சர்" என்றார். நான் பூரித்துப்போனேன்.

அந்த வாரமே கடிதம் வெளிவந்தது. கம்பெனியில் பெரிய அமர்க்களம். சூப்பர்வைசர் ஒவ்வொரு பெண்ணாகக் கூப்பிட்டு விசாரித்தார். யார் எழுதியது என்று தெரியவில்லை. ஆனால் பத்து நாளில் ஒரு பக்கச் சுவரில் ஆணிகளைப் பிடுங்கி ஜன்னல்களைத் திறந்து, வலை அடித்து, புகைபோக்கி ஃபேன் இரண்டு மாட்டினார்கள். வேனிலிருந்து இறங்கி ஓடி வந்தாள் என் மகள்.

"ஃபேன் மாட்டிட்டாங்கம்மா! அந்த நர்ஸ் மூஞ்சியைப் பாக்கணுமே!"

பக்கத்து வீட்டுக்குக் கேட்கும் என்று அவள் வாயைப் பொத்தினேன். இரண்டு பேரும் சிரித்தோம்.

அந்த மே மாதத்தில் எங்கள் ஊரில் நடந்த சாவைப் பற்றி நான் எழுதத் தேவையில்லை. நாடே அறியும். அதற்குப் பிறகு எங்கெங்கோ இருந்து நிருபர்கள் வந்து குவிந்தார்கள். எங்கள் எடிட்டர் அவர்களோடு வெயிலில் அலைந்தார். இடம் காட்டினார், ஆட்களைக் காட்டினார், மொழிபெயர்த்துச் சொன்னார். அவர்கள் போன பிறகு ஒரு சனிக்கிழமை, வெளியூர்ப் பேப்பர்களை மேஜை மேல் பரப்பி வைத்திருந்தார். "பாருங்க டீச்சர். இது நான் சொன்னது. இதுவும் நான் சொன்னது. ஒருத்தன்கூட 'உள்ளூர்ப் பத்திரிகையாளர்'னு ஒரு வார்த்தை போடல." அவர் அப்படிப் பேசி நான் கேட்டதில்லை. அதற்குப் பிறகு பத்திரிகையில் அவருக்கு மனம் ஒட்டவில்லை. தலைப்புகள்கூடச் சோம்பலாக வந்தன.

ஆடி மாதம் போல ஒரு நாள் புரூஃபை என் முன்னால் வைக்காமல் டீயை வைத்தார்.

"பத்திரிகையைக் கை மாத்திட்டேன் டீச்சர். ஷூ கம்பெனியில மக்கள் தொடர்பு அதிகாரியாக் கூப்பிடறாங்க."

எனக்குப் புரிய ஒரு நிமிஷம் ஆயிற்று. அந்தக் கடிதம் வந்தபோது விளக்கம் கொடுக்க வந்த மேனேஜர்தான் இவரைக் கண்டுபிடித்திருக்கிறார். நிருபர்களைத் தெரிந்த, எதை எழுதினால் ஊர் கொதிக்கும் என்று தெரிந்த ஆள் அவர்களுக்குத் தேவைப்பட்டது.

"எத்தனை நாளைக்குத்தான் டீச்சர் எவன் பொண்டாட்டி எவனோட போனான்னு எழுதிக்கினு இருக்கறது? எனக்கும் நாப்பத்தெட்டு ஆச்சு. என் பையன் காலேஜ்ல 'உங்கப்பா என்ன பண்றார்'னு கேட்டா சொல்ல மாட்டேங்கறான்."

நான் சந்தோஷப்பட்டேன். அதுதான் இன்றைக்கு நினைத்தாலும் என்னைக் கூச வைக்கிறது. உள்ளே நமக்கென்று ஒருவர் இருப்பார், இனி பசை வாடையைப் பற்றிக் கடிதம் எழுத வேண்டாம், நேராகவே சொல்லலாம் என்று நினைத்தேன். வீட்டில் போய்ச் சொன்னதும் என் கணவர் மட்டும் சிரித்தார்.

"நேத்து வரைக்கும் கண்ணாடி மேல கல்லு வுட்டவனை இன்னிக்கு கண்ணாடிக் கடைக்கே மேனேஜரா போட்டுட்டானுங்களா? சர்தான். இனிமே கல்லு வுடறவன் யார் யாருன்னு அவனுக்குத்தானே தெரியும்?"

"எல்லாரையும் உங்க பஸ்ல டிக்கெட் எடுக்காம ஏறறவங்க மாதிரியே பாக்காதீங்க" என்றேன்.

ஆபீஸைக் காலி செய்யும் நாளில் கட்டுகளை வருஷவாரியாக அடுக்க என்னைக் கூப்பிட்டார். போனேன். அந்தக் கடிதம் வந்த மாதத்துக் கட்டு என் மடியில் இருந்தது. என் மகளின் கையெழுத்து ஓரத்தில் எட்டிப் பார்த்தது. அந்த ஒரு தாளை உருவினால் போதும். சணல் கொஞ்சம் தளர்ந்துதான் இருந்தது.

"இதையெல்லாம் எரிச்சுட்டா என்ன சார்?" என்று கேட்டேன்.

"பழைய கேஸ் ரெண்டு இன்னும் கோர்ட்ல நிக்குது. அது முடியற வரைக்கும் ஒரு தாள்கூடக் குறையக் கூடாது." பிறகு என் முகத்தைப் பார்த்துவிட்டு, "நான் உள்ள இருக்கேன், உங்க பொண்ணுக்கு என்ன கவலை?" என்றார்.

நான் உருவவில்லை. இன்னொருவருடைய கோப்பிலிருந்து தாளைத் திருடுவது தப்பு என்று பட்டது. அதைவிட, அவரைச் சந்தேகப்படுகிறேன் என்று அவருக்குத் தெரிந்துவிடுமே என்ற வெட்கம். கட்டை மற்றவற்றோடு வைத்தேன். சணல் முடிச்சை இறுக்கியதும் நான்தான்.

மூன்று வாரம் கழித்து என் மகளை அலுவலகத்துக்குக் கூப்பிட்டார்கள். மேஜை மேல் அவளுடைய கடிதம். ஓரத்தில் ஊசி போன துளை. "இது உன் கையெழுத்துதானே?" என்று மட்டும் கேட்டார்களாம். அவள் ஆமாம் என்றாள். வீட்டுக்கு வந்து என்னிடம் இதைச் சொன்னபோது அழவில்லை. "துளை இருந்துச்சும்மா" என்றாள். அதையே இரண்டு தடவை சொன்னாள்.

மறுநாள் லீவு போட்டுவிட்டுக் கம்பெனிக்குப் போனேன். கேட்டில் யாரைப் பார்க்க வேண்டும் என்று சீட்டில் எழுதச் சொன்னார்கள். நாலு வருஷமாக நினைத்த நேரத்தில் படியேறிப் போய்ப் பார்த்த மனிதருக்குச் சீட்டு எழுதிக்கொடுத்துவிட்டு முக்கால் மணி நேரம் பெஞ்சில் உட்கார்ந்திருந்தேன். வந்தார். வெள்ளை முழுக்கைச் சட்டை, இன் பண்ணியிருந்தார். சட்டைப் பையில் பெயர் பொறித்த பட்டை. எப்போதும் போல "வாங்க டீச்சர்" என்றார். அறைக்குள் ஃபேன் ஓடியது. பிஸ்கட் வந்தது.

"குடுத்துட்டீங்களே சார்" என்றேன். வழியெல்லாம் என்னென்னவோ யோசித்து வைத்திருந்தேன். வாயில் வந்தது அவ்வளவுதான்.

"நான் காட்டிக் குடுக்கல. கொஞ்சம் நான் சொல்றதைக் கேளுங்க. சேர்ந்த அன்னிக்கே கேட்டாங்க, நம்மளைப் பத்தி வெளிய என்னென்ன வந்திருக்கு, எல்லாத்தையும் கொண்டாங்கன்னு. அது என் வேலை டீச்சர். கட்டைக் குடுத்தேன். அதுல ஒண்ணை மட்டும் எடுத்துட்டுக் குடுத்தா அது என்ன நியாயம்?"

"இன்ஸ்பெக்டர் கேட்டப்ப குடுக்கலையே?"

"அப்ப அது என் பத்திரிகை."

சாதாரணமாகச் சொன்னார். பதில் சொல்லி முடித்துவிட்ட திருப்தி அவர் முகத்தில் இருந்தது.

"நான் இல்லன்னா அன்னிக்கே வெளிய அனுப்பியிருப்பாங்க. நான்தான் பேசி நிறுத்தி வெச்சிருக்கேன். ஒரு மறுப்புக் கடிதம் குடுத்தாப் போதும். பர்மனென்ட் தேதி மாறாம வரும். நானே எழுதி வெச்சிருக்கேன். நீங்க ஒரு தடவை பார்த்துடுங்க."

தாளையும் பேனாவையும் என் பக்கம் நகர்த்தினார். சனிக்கிழமைகளில் புரூஃபை நகர்த்துவாரே, அதே மாதிரி. கை பழகிவிட்டது போலிருக்கிறது, நான் பேனாவை எடுத்துக்கொண்டுதான் படித்தேன். பணிபுரியும் இடத்தில் யாருக்கும் பசையினால் மயக்கம் ஏற்பட்டதில்லை, பத்திரிகையில் வந்தது உண்மைக்குப் புறம்பானது, தன் தாயாரின் தூண்டுதலால் அப்படி எழுத நேர்ந்தது, அதற்காக வருந்துகிறேன். கீழே கையெழுத்துக்கு இடம் விட்டிருந்தது. அவருடைய நடை எனக்கு நன்றாகத் தெரியும். அவர் நன்றாக எழுதிய ஒன்றிரண்டு பத்திகளில் இதுவும் ஒன்று.

"தாயாரின் தூண்டுதல்னு எதுக்கு?"

"அப்போதான் அந்தப் பொண்ணு மேல தப்பு நிக்காது. உங்களுக்கு இங்க வேலையில்லையே, உங்களை என்ன பண்ணிட முடியும்? உங்க நல்லதுக்குத்தான் யோசிச்சுப் போட்டேன்."

நான் பேனாவை வைத்துவிட்டு, தாளை மட்டும் மடித்துக் கைப்பையில் வைத்துக்கொண்டு எழுந்தேன். பிஸ்கட்டைத் தொடவில்லை. அதைத் தவிர என்னால் காட்ட முடிந்த எதிர்ப்பு ஒன்றும் இல்லை.

வீட்டில் மூன்று பேரும் உட்கார்ந்தோம். தாள் நடுவில் கிடந்தது. "வேலையே வேணாம், வா. வேற பாத்துக்கலாம்" என்றேன். என் கணவர் சட்டை மாற்றாமல் காக்கியோடேயே உட்கார்ந்திருந்தார். நான் சொன்னேனே என்று அவர் சொல்லியிருந்தால் எனக்குச் சண்டை போடவாவது ஒரு இடம் கிடைத்திருக்கும்.

"வேற எங்க பாக்கறது?" என்றாள் என் மகள். "ஒன்றரை வருஷம் அந்த வாடையில உக்காந்திருக்கேன். நான் எதுக்கு வுடணும்?"

"இதுல பொய் எழுதியிருக்குடி."

"மயக்கம் வர்லன்னு எழுதியிருக்கே, அது பொய்தான். நீ சொல்லி எழுதினேன்னு இருக்கே, அது பொய் இல்லையேம்மா."

குரலை உயர்த்தவில்லை. கணக்குச் சரிபார்ப்பது போலச் சொன்னாள். பிறகு என் கைப்பையைத் திறந்து என் பேனாவையே எடுத்துக் கையெழுத்துப் போட்டாள். நான் தடுக்கவில்லை. அன்று கையெழுத்துப் போட வைத்ததும் நீ, இன்று போடாதே என்பதும் நீயா என்று கேட்டுவிடுவாளோ என்று பயந்தேன்.

அது கம்பெனிக்குள் சுற்றுக்கு வரும் தாளில் அச்சாகி, சாப்பாட்டுக் கூடத்துப் பலகையிலும் ஒட்டப்பட்டது. இந்தத் தடவை பெயர், பிரிவு, டோக்கன் நம்பர் எல்லாவற்றோடும். உதடு கிழிந்த பெண் அதற்குப் பிறகு வேனில் வேறு சீட்டுக்கு மாறிவிட்டாள். அதையும் என் மகள் என்னிடம் சொல்லவில்லை. அந்தப் பெண்ணின் அம்மா ரேஷன் கடை வரிசையில் என்னிடம் சொன்னாள். "உன் பொண்ணு நல்லா பொழைச்சுக்கும் டீச்சர்" என்றாள். பையை எடுத்துக்கொண்டு முன்னே நகர்ந்துவிட்டாள்.

சொன்ன தேதியில் பர்மனென்ட் வந்தது. அவர் வாக்குத் தவறவில்லை. போன மாதம் பஸ் ஸ்டாண்டில் எதிரே வந்தார். கம்பெனி ஜீப்பை நிறுத்தி இறங்கி, "சௌக்கியமா டீச்சர்? பாப்பாவுக்கு ஆயிடுச்சுல்ல?" என்று கேட்டார். நான் நன்றி சொல்வேன் என்று உண்மையாகவே காத்திருந்தார். அந்த முகத்தில் ஒளிவு மறைவு எதுவும் இல்லை. எனக்கு அதுதான் தாங்கவில்லை. "ஆயிடுச்சு சார்" என்றேன். சார் என்று சொல்லாமல் இருந்திருக்கலாம். வரவில்லை.

ஒரு வருஷத்துக்கு மேல் ஆகிறது. இப்போதும் தபால்காரர் நீளக் கவர் கொண்டு வந்தால் முதலில் அனுப்பியவர் பெயரைத்தான் தேடுகிறேன். பள்ளியில் வருகைப் பதிவேட்டில் கையெழுத்துப் போடும்போதுகூட ஒரு கணம் நிற்கிறேன். யாரிடம் எதைச் சொன்னேன், எந்தத் தாள் யாரிடம் இருக்கிறது என்று பழைய நாட்களையெல்லாம் கிளறிக்கொண்டிருக்கிறேன். என் மகள் அப்படியில்லை. நேரத்துக்குப் போகிறாள், வருகிறாள். முன்பு வேனிலிருந்து இறங்கும்போதே ஆரம்பிப்பாள். லைனில் யார் யாரோடு சண்டை, யார் ஓ.டி. பார்த்தார்கள், சூப்பர்வைசர் எப்படித் தும்மினார் என்று நடித்துக்கூடக் காட்டுவாள். இப்போது கம்பெனியைப் பற்றி ஒரு வார்த்தை கிடையாது.

போன வாரம் இடது கையில் மூன்று விரலுக்குக் கட்டுப் போட்டுக்கொண்டு வந்தாள். என்ன என்று கேட்டேன். "ஒண்ணுமில்ல" என்றாள். சாப்பாடு போட்டு எதிரே உட்கார்ந்தேன். வலது கையால் பிசைந்து சாப்பிட்டுக்கொண்டிருந்தாள். கட்டு போட்ட கையை மடியில் வைத்து மறைத்துக்கொண்டாள்.

"என்ன ஆச்சுன்னு சொன்னாத்தான் என்னடி? நான் உன் அம்மா இல்லையா?"

நிமிர்ந்து பார்த்தாள்.

"எதுக்கும்மா? எழுதிப் போடவா?"

தட்டைத் தானே கழுவி வைத்தாள். ஒரு கையால் கழுவ அவளுக்கு நேரமாயிற்று. நான் எழுந்து போய் வாங்கிக்கொள்ளவில்லை. கேட்டிருந்தால் கொடுத்திருப்பாளா என்று எனக்குத் தெரியவில்லை.